தொடுதோல் முதல் காப்புக் காலணி வரை

நம் கல்விச் சங்கத்தின் வெள்ளி விழா மலருக்கு வரலாற்றுக் கட்டுரை ஒன்று வேண்டுமென மலர்க் குழுவினர் கேட்டபோது, தலைவர்களின் வாழ்க்கையைப் பற்றியோ மாநாடுகளைப் பற்றியோ நாம் எழுதுவோம் என அவர்கள் எதிர்பார்த்திருக்கலாம். அவை எழுதப்பட வேண்டியவையே. ஆயினும் நாம் எடுத்துக்கொண்ட பொருள் செருப்பு. செருப்பு என்னும் சொல்லையே வசையாக நம்மீது எறிந்த நாட்டில், அச்சொல்லை விழா மலரில் அச்சேற்றலாமா எனச் சிலர் முகம் சுளிக்கவும் கூடும். அதனாலேயே அதனை எடுத்துக்கொண்டோம். சேலம், நாமக்கல் சமவெளியில் நம் மக்கள் பட்ட பாடும் பெற்ற உரிமையும் காலடியிலிருந்து பார்க்கும்போது தெளிவாகத் தெரிகின்றன. மேலும், இன்று நம் இளைஞர் பலர் எஃகு ஆலைக்கும், லாரிப் பட்டறைக்கும், ரிக் வண்டிக்கும், நகராட்சித் தூய்மைப் பணிக்கும் செல்கின்றனர். அவர்கள் அணியும் காப்புக் காலணியை, அதாவது பேச்சு வழக்கில் சேஃப்டி ஷூ எனப்படுவதை, எப்படிப் பார்த்து எடுப்பது, யாரிடம் கேட்டுப் பெறுவது என்பதும் இந்த வரலாற்றுக்குள் அடங்கியதே.

பழந்தமிழில் காலணிக்குத் தொடுதோல் என்று பெயர். பெரும்பாணாற்றுப்படையில் அடிபுதையரணம் என்னும் பெயரும் காணப்படுகிறது. அடியைப் புதைத்துக் காக்கும் அரண் என்பது அதன் பொருள். நெடுவழி நடந்த வணிகரின் காலில் அந்த அரணைப் புலவர் காண்கிறார். அதைத் தைத்துக் கொடுத்த கை யாருடையது என்பதை அவர் கூறவில்லை. நாமும் அதை இரண்டாயிரம் ஆண்டு பின்னோக்கிச் சென்று தேடப்போவதில்லை. நமக்குக் கிட்டத்தில் உள்ள காலமே போதும்.

சேலம், நாமக்கல் பகுதி மானாவாரி நிலமும் கிணற்றுப் பாசனமும் மிகுந்தது. காவிரிக் கால்வாய் பாயும் சில ஊர்களை விட்டால், மற்ற ஊர்களில் பயிர் விளைந்தது கவலை இறைத்த நீரால்தான். இரண்டு மாடுகள் சரிவில் இறங்க, வடக்கயிற்றில் கட்டிய சால் கிணற்றிலிருந்து மேலே வரும். சாலின் அடியில் தோலால் தைத்த நீண்ட வால் ஒன்று உண்டு. வால்கயிற்றை விட்டதும் நீர் அதன் வழியே வாய்க்காலில் பாயும். அந்தத் தோல் கிழிந்தால் அன்றைய இறைப்பு நின்றது. பயிர் வாடியது. ஆகவே கிணறு வைத்திருந்த ஒவ்வொரு குடியானவரும் தோல் தைக்கும் குடும்பம் ஒன்றைச் சார்ந்தே வாழ்ந்தார். அக்குடும்பத்தினர் அருந்ததியர். இம்மாவட்டங்களில் மாதாரி என்றும், அரசுப் பதிவேடுகளில் வேறு பெயர்களாலும் குறிக்கப்பட்டவர். சால், வால், மாட்டுக்கு வார், காலுக்குச் செருப்பு ஆகிய அனைத்தும் அவர்கள் கையால் ஆனவை. கூலி, ஆண்டுக்கொரு முறை களத்தில் தானியமாக அளக்கப்பட்டது. செத்த மாட்டை அப்புறப்படுத்தும் கடமையும், அதன் தோலை எடுத்துக்கொள்ளும் உரிமையும் ஒன்றோடொன்று முடிச்சிடப்பட்டிருந்தன.

அந்தத் தொழிலில் இருந்த அறிவைப் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை. தோலைச் சுண்ணாம்பு நீரில் ஊறவைத்து மயிரை நீக்க வேண்டும். எத்தனை நாள் என்பது தோலின் தடிப்பையும் பருவத்தின் வெப்பத்தையும் பொறுத்தது. ஒரு நாள் மிகுந்தால் தோல் நைந்துவிடும். பின்னர் ஆவாரம் பட்டை ஊறிய நீரில் பதப்படுத்த வேண்டும். கடுக்காயும் உடன் சேர்வதுண்டு. சில ஊர்களில் தோலைப் பைபோலத் தைத்து, பட்டை நீரை அதனுள் நிரப்பி, மரக்கிளையில் தொங்கவிட்டுப் பதப்படுத்தினர். நீரிலேயே கிடக்கும் சாலுக்கு ஒரு பதம், முள்ளில் நடக்கும் செருப்புக்கு வேறு பதம். இவ்வளவும் எழுத்தறியா மக்கள் தலைமுறை தலைமுறையாகக் கைவழியே கற்றுக் காத்த வேதியியல். கல்விச் சங்க மலரில் இதைக் கல்வி என்றே எழுதுகிறோம். சாதி அதனை இழிதொழில் என்றது.

சாதி சொன்னது அதோடு நிற்கவில்லை. செருப்பைத் தைத்தவர் அதைத் தம் காலில் அணிந்து ஊர்த்தெருவில் நடக்கக் கூடாது என்பது எழுதாச் சட்டமாக இருந்தது. தெருமுனை வந்ததும் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டோ, அக்குளில் இடுக்கிக்கொண்டோ செல்ல வேண்டியிருந்ததை நம் முதியோர் பலர் சொல்லக் கேட்டிருக்கிறோம். இது கொங்கு நாட்டுக்கு மட்டும் உரிய வழக்கமும் அன்று. 1930ஆம் ஆண்டு டிசம்பரில் இராமநாதபுரம் மாவட்டத்தில் ஆதிக்கச் சாதியினர் ஒடுக்கப்பட்ட மக்கள்மீது எட்டுத் தடைகளை விதித்தனர். முழங்காலுக்குக் கீழே வேட்டி கட்டக் கூடாது, பொன், வெள்ளி நகை அணியக் கூடாது என்று நீண்ட அந்தப் பட்டியலில், வெயிலுக்கும் மழைக்கும் குடை பிடிக்கக் கூடாது, செருப்பு அணியக் கூடாது என்பதும் ஒன்று. 1931ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பை நடத்திய ஹட்டன் என்னும் ஆங்கில அதிகாரி தம் நூலில் இதனைப் பதிவு செய்துள்ளார். வெயிலிலும் முள்ளிலும் வேலை செய்பவருக்குக் குடையும் செருப்பும் ஆடம்பரம் ஆயின. நிழலில் இருப்பவருக்கு அவை தேவை ஆயின.

இதே காலத்தில் நம் தோல் கடல் கடந்து சென்றுகொண்டிருந்தது என்பதையும் இங்குச் சொல்ல வேண்டும். இன்று தோல் தொழிலுக்குப் பெயர்பெற்ற வாணியம்பாடி, 1911 வரை சேலம் மாவட்டத்தின் திருப்பத்தூர் வட்டத்தில் இருந்தது. அங்கும் சென்னை மாகாணத்தின் பிற ஊர்களிலும் ஆவாரம் பட்டையால் பாதி பதப்படுத்தப்பட்ட தோல் இங்கிலாந்துக்கு ஏற்றுமதியாயிற்று. 1914 முதல் 1918 வரை நடந்த முதல் உலகப் போரில் பிரிட்டிஷ் படைவீரரின் பூட்ஸின் மேற்பகுதிக்கு அந்தத் தோல் பெருமளவில் பயன்பட்டது. வெடிகுண்டும் சேறும் நிறைந்த பதுங்கு குழியில் வெள்ளைச் சிப்பாயின் காலைக் காத்த தோல், அதைப் பதப்படுத்திய ஊரில் பதப்படுத்தியவர் காலுக்கு எட்டவில்லை. அதற்குச் சற்று முன்னர், நூற்றாண்டின் முதற் பத்தாண்டில், ஆல்பிரட் சாட்டர்டன் என்னும் அதிகாரி சென்னையில் குரோம் முறையில் தோல் பதனிடுவதைப் புகுத்த முயன்றார். அவர் மனத்தில் இருந்த பயன்களுள் கவலைச் சாலும் ஒன்று. குரோம் தோல் நீரில் நெடுநாள் உழைக்கும். இன்றைய காப்புக் காலணிகளின் மேற்பகுதியும் பெரும்பாலும் குரோம் தோலே. சாலுக்கும் சேஃப்டி ஷூவுக்கும் உள்ள இந்த உறவை நம் இளைஞர் அறிந்திருத்தல் நன்று.

பின்னர்ச் சால் போயிற்று. மேட்டூர் அணை 1925இல் தொடங்கி 1934இல் முடிந்தது. அதை ஒட்டி நீர்மின்சாரம் வந்தது. நாடு விடுதலை பெற்ற பின் கிணறுதோறும் மின்மோட்டார் வந்தது. கவலை ஓசை அடங்கிற்று. தோல் தைத்த குடும்பங்களுக்குக் களத்தில் அளந்த தானியமும் நின்றது. தேய்ந்த லாரி டயரை அறுத்துத் தைத்த டயர் செருப்பும், ரப்பர் செருப்பும், ஆலையில் செய்த காலணியும் சந்தைக்கு வந்தன. தொழிலின் இழிவு மட்டும் ஒட்டிக்கொண்டிருக்க, தொழில் கைவிட்டுப் போனது. நம் மக்கள் வேறு வேலைகளுக்குப் பெயர்ந்தனர்.

அவர்கள் பெயர்ந்த இடங்கள் யாவும் காலுக்குப் பகையான இடங்கள். சேலத்திற்கும் சேர்வராயன் மலைக்கும் இடையே வெள்ளைக்கல் எனப்படும் மாக்னசைட் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கம் முதல் வெட்டப்பட்டது. உருக்காலைகளின் உலைக்குள் பதிக்கும் தீச்செங்கல்லுக்கு மூலப்பொருள் அது. உடைத்த கல்லின் விளிம்பு கத்தி போன்றது. சுட்ட கல் சூளையிலிருந்து கொதிக்கக் கொதிக்க வரும். கல் உடைத்தும் கூடை சுமந்தும் பிழைத்த ஆண்களும் பெண்களும் நெடுங்காலம் வெறுங்காலோடு அந்தக் குழிகளில் இறங்கினர். மேட்டூரில் 1936இல் வேதித் தொழிற்சாலை தொடங்கியது. அங்குள்ள காரச்சோடா, தோலையும் சதையையும் ஒன்றாகவே பாவிக்கும். சங்ககிரியில் 1963இல் சிமெண்டு ஆலை வந்தது. ஈரச் சிமெண்டு காலை அரித்துப் புண்ணாக்கும். மரவள்ளிக் கிழங்கை அரைக்கும் சவ்வரிசி ஆலைகளில் நாள் முழுதும் மாவு நீரில் நிற்பவர் காலில் சேற்றுப்புண் ஆறுவதே இல்லை. ஈரமண்ணில் வெறுங்காலோடு நடப்போரின் தோலைத் துளைத்துக் கொக்கிப்புழுவின் இளம்புழு உடலுக்குள் செல்கிறது. இரத்தச் சோகையோடு வேலை செய்து, சோம்பேறி என்னும் பட்டத்தையும் பெற்றவர் எத்தனையோ பேர். சேலத்து வெள்ளிக் கொலுசு நாடெங்கும் பெயர்பெற்றது. காலுக்கு அணி செய்வதில் தேர்ந்த ஊர், காலுக்கு அரண் செய்வதை மறந்தே இருந்தது.

அரண் சட்டத்தின் வழியாகவே வந்தது. எவரும் இரங்கிக் கொடுத்ததன்று. அண்ணல் அம்பேத்கர் 1942 முதல் 1946 வரை வைஸ்ராயின் நிர்வாக அவையில் தொழிலாளர் துறை உறுப்பினராக இருந்தார். 1943 டிசம்பரில் அவர் தன்பாத் பகுதியின் நிலக்கரிச் சுரங்கத்துக்குள் தாமே இறங்கிப் பார்வையிட்டார். நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் நல நிதி அவர் காலத்தில்தான், 1944இல், ஏற்படுத்தப்பட்டது. சுரங்கத் தொழிலாளியின் உடல் அரசின் பொறுப்பு என்னும் எண்ணம் அவ்வாண்டுகளில் வேர்கொண்டது. விடுதலைக்குப் பின் 1952இல் சுரங்கச் சட்டம் இயற்றப்பட்டது. அதன்கீழ் 1961இல் வெளியான உலோகச் சுரங்க ஒழுங்குவிதிகள், ஒப்புதல் பெற்ற காப்புக் காலணி அணியாமல் எவரும் சுரங்கத்தில் வேலை செய்யக் கூடாது என்றும், அதனை ஆறு திங்களுக்கு மேற்படாத இடைவெளியில் சுரங்க உரிமையாளர் விலையின்றி வழங்க வேண்டும் என்றும், உடனே கொடுக்கத்தக்க கையிருப்பை எப்போதும் வைத்திருக்க வேண்டும் என்றும் விதித்தன. முப்பது ஆண்டுக்கு முன் செருப்பு அணியாதே என்று ஊர் கட்டளையிட்டது. இப்போது செருப்பு அணியாமல் உள்ளே வராதே என்று சட்டம் கட்டளையிட்டது. இந்த மாற்றத்தின் அளவை நம் இளைஞர் ஒரு நிமிடம் நின்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

விதி வந்ததும் காலணி காலுக்கு வந்துவிடவில்லை. நிரந்தரத் தொழிலாளிக்குக் கிடைத்தது, ஒப்பந்தக்காரரிடம் கூடை சுமந்தவருக்குக் கிடைக்கவில்லை. கிடைத்த பூட்ஸை விற்றுவிட்டு வெறுங்காலோடு வேலை செய்தவரும் உண்டு. அவரைக் குறை கூறுவது எளிது. அளவு பொருந்தாமல், விரலைக் கடித்து, கோடையில் வேகவைத்த காலணியை ஒரு மாதம் அணிந்து பார்த்தவர் அவ்வளவு எளிதாகக் குறை கூறமாட்டார். காலணி உழைப்பதோடு காலுக்கு இசைய வேண்டும் என்பதை அந்தத் தலைமுறை தன் கொப்புளத்தால் கற்றது. சேலம் உருக்காலைக்கு 1970இல் அடிக்கல் நாட்டப்பட்டு, 1981-82இல் துருவேறா எஃகுத் தகடு உருட்டும் பணி தொடங்கியபோது, காப்புக் காலணி நம் ஊர்களில் பலரும் காணும் பொருளாயிற்று. பண்டிகை நாளிலும் அந்தக் கறுப்புக் காலணியையே துடைத்து அணிந்து ஊருக்குள் நடந்தவர்களை நாம் அறிவோம். அவர்கள் காலில் அது காப்பு மட்டுமன்று.

இந்தியத் தர நிறுவனம் தோல் காப்புக் காலணிக்கு வகுத்த தரவரையறைக்கு ஐ.எஸ். 1989 என்று பெயர். அது வரிசை எண். ஆண்டென்று மயங்க வேண்டா. 1986இல் அது இரு பகுதியாகத் திருத்தப்பட்டு, ஒன்று சுரங்கத் தொழிலாளருக்கும் மற்றொன்று கனரக உலோகத் தொழிலுக்கும் என வகுக்கப்பட்டது. பின்னர் உலகத் தரத்தை ஒட்டி ஐ.எஸ். 15298 வந்தது. 2020இல் ஒன்றிய அரசு பிறப்பித்த தரக்கட்டுப்பாட்டு ஆணை, இவ்வகைக் காலணிக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரையைக் கட்டாயமாக்கியது. ஆகவே காலணியைக் கையில் எடுத்ததும் முதலில் பார்க்க வேண்டியது அம்முத்திரை, அதன்மேல் ஐ.எஸ். எண், அதன்கீழ் சி.எம்./எல். என்று தொடங்கும் உரிம எண். இவ்வெண்ணைத் தர நிர்ணய அமைவனத்தின் செயலியில் இட்டால் உரிமம் உண்மையா என்பது தெரியும். நம் பிள்ளைகள் கைப்பேசியில் செய்யும் எத்தனையோ வேலைகளுள் இதற்கு ஒரு நிமிடம் போதும்.

ஐ.எஸ். 15298இல் மூன்று வகைக் காலணிகள் உண்டு. இரண்டாம் பகுதியில் அடங்குவதே முழுமையான காப்புக் காலணி. அதன் முனையில் உள்ள எஃகுக் கிண்ணம் 200 ஜூல் அடியைத் தாங்க வேண்டும். 20 கிலோ எடை ஏறத்தாழ ஒரு மீட்டர் உயரத்திலிருந்து விரல்மேல் விழும் அடி அது. ஒன்றரை டன் அளவுக்கு அழுத்தத்தையும் அது தாங்க வேண்டும். மூன்றாம் பகுதிக் காலணி அந்த 200 ஜூலில் பாதி அடியைத் தாங்கினால் போதும். நான்காம் பகுதியில் விரல் காப்பே இல்லை. வெளித்தோற்றத்தில் மூன்றும் ஒன்றுபோல் இருக்கும். விலை குறைந்ததை வாங்கிக் கொடுக்கும் ஒப்பந்தக்காரரும் அதை அறிவார். ரிக் வண்டியில் துளைக் குழாய் தூக்கும் திருச்செங்கோட்டுப் பிள்ளைக்கும், நாமக்கல் லாரிப் பட்டறையில் இரும்புச் சட்டம் நகர்த்துபவருக்கும் வேண்டியது இரண்டாம் பகுதியே. பெரிய பாரம் விழுந்தால் எஃகு வளைந்து விரலையே வெட்டிவிடும் என்று அஞ்சிக் கிண்ணமில்லாக் காலணி கேட்பவர் உண்டு. அந்த எஃகையே நசுக்கும் பாரம் வெறும் விரலை என்ன செய்யும் என்று அவர் எண்ணிப் பார்க்கட்டும்.

அடுத்து எழுத்துக்குறிகள். காலணியின் நாக்கிலோ பக்கத்திலோ எஸ்1, எஸ்2, எஸ்3 என்று பொறித்திருப்பர். எஸ்1 உலர்ந்த தரைக்கு உரியது. எஸ்2இன் மேற்பகுதி நீர் எளிதில் புகாதது. எஸ்3இல் நீர்க்காப்போடு, ஆணி துளைக்காத அடித்தகடும் ஆழ்ந்த வரிகள் கொண்ட அடியும் இருக்கும். அந்த அடித்தகடு 1100 நியூட்டன் விசையைத் தாங்க வேண்டும். ஏறத்தாழ 110 கிலோ ஆள் முழு எடையோடு ஒரே ஆணியின்மேல் நிற்பதாகக் கொள்ளலாம். கட்டட வேலைக்கும் கழிவுப் பொருள் பிரிக்கும் வேலைக்கும் இது இன்றியமையாதது. நிலைமின்சாரம் கடத்தும் காலணி வேறு, மின்தாக்குதலைத் தடுக்கும் காலணி வேறு. முன்னதை அணிந்து மின்கம்பியில் கைவைப்பது உயிருக்கு உலை.

அடிப்பகுதி எதனால் ஆனது என்பதையும் கேட்க வேண்டும். பாலியூரித்தேன் அடி இலேசானது, நடக்க மெத்தென்றிருக்கும். நாள் முழுதும் நிற்பவருக்கு ஏற்றது. ஆனால் சூளைப் பக்கம் அது ஆகாது. ஈரக்காற்றில் ஆண்டுக்கணக்கில் பெட்டியிலேயே கிடந்தால், அணிந்த சில நாளில் ரொட்டித்தூள் போல உதிர்ந்தும் போகும். ஆகவே செய்த மாதமும் ஆண்டும் பார்த்து வாங்க வேண்டும். கடை மூலையில் கிடந்த பழைய சரக்கைத் தள்ளுபடி விலையில் வாங்குவது இலாபம் அன்று. வெப்பத்துக்கும் எண்ணெய்க்கும் நைட்ரைல் ரப்பர் அடியே சிறந்தது. வெப்பத்துக்கெனக் குறியிட்ட அடி 300 பாகை செல்சியசில் ஒரு நிமிடம் தாங்குமாறு சோதிக்கப்படுகிறது. காரமும் அமிலமும் புழங்கும் இடத்தில் தோலே வேண்டா. அங்கு கம் பூட்ஸ்தான். அதிலும் விரல் காப்பு உள்ளது கிடைக்கிறது.

இனி இசைவு. சாதாரணத் தோல் செருப்பு சில நாள் கடித்துப் பின் காலுக்குப் பணியும். எஃகுக் கிண்ணம் ஒருநாளும் பணியாது. கடையில் விரல் இடித்தால் அது என்றும் இடிக்கும். இதுவே பலர் அறியாத செய்தி. காலையில் கால் சிறுத்திருக்கும், மாலையில் வீங்கியிருக்கும். ஆகவே மாலையில், வேலைக்கு அணியும் காலுறையோடு போட்டுப் பார்க்க வேண்டும். இரண்டு காலிலும் போட வேண்டும். பெரும்பாலோர்க்கு ஒரு கால் சற்றுப் பெரிதாகவே இருக்கும். நாடா கட்டி, குனிந்து, முட்டி மடக்கிப் படியேறிப் பார்க்க வேண்டும். குதி மேலெழுந்தால் அது பெரிது. சுண்டுவிரல் பக்கம் அழுந்தினால் அது குறுகல். பெரிய எண் எடுத்தால் அகலம் கிடைக்கும் என்று எண்ணுவோர் உண்டு. நீளம் மிகுந்து கால் முன்னும் பின்னும் ஓடும், இடறி விழுவர். அதே எண்ணில் அகன்ற அமைப்புள்ளதைக் கேட்க வேண்டும். கோடையில் பருத்திக் காலுறை இரண்டு இணை வைத்திருந்து நண்பகலில் மாற்றினால் பாதித் துன்பம் தீரும். நனைந்த காலணியை அடுப்பருகே உலர்த்தினால் தோல் விறைத்து வெடிக்கும். செய்தித்தாளைச் சுருட்டி உள்ளே திணித்து நிழலில் வைக்க வேண்டும். தோல் பதம் அறிந்த நம் பாட்டனார்க்கு இதைச் சொல்ல வேண்டியிருந்திராது. கிண்ணத்தின்மேல் ஒருமுறை பாரம் விழுந்துவிட்டால், வெளியே கீறல் இல்லாவிட்டாலும், அக்காலணியை மாற்றிவிட வேண்டும்.

இத்தனையும் பார்த்து எடுக்கும் காலணிக்கு விலை கொடுப்பது யார்? 2020இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய பணியிடப் பாதுகாப்பு, உடல்நலம் மற்றும் பணி நிலைமைகள் சட்டத்தொகுப்பு 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்தது. தொழிற்சாலைச் சட்டமும் சுரங்கச் சட்டமும் அதனுள் அடங்கின. பணியிடத்தின் பாதுகாப்புக்காகச் செய்யப்படுவது எதற்கும் தொழிலாளியிடம் கட்டணம் பெறக் கூடாது என்பது அதில் முதலாளியின் கடமைகளுள் ஒன்றாக உள்ளது. ஷூவுக்கென்று கூலியில் பிடிப்பவரிடம் இதனை எடுத்துச் சொல்லலாம். ஆயின், சுரங்கம் போன்ற சிலவற்றை விட்டால், இத்தொகுப்பு பெரும்பாலும் 10 பேரும் அதற்கு மேலும் வேலை செய்யும் இடங்களுக்கே உரியது. நம்மவர் பலர் ஆறு பேர், எட்டுப் பேர் உள்ள பட்டறைகளில் இருக்கின்றனர். இந்த ஓட்டையை நாம் பெரிய குறையாகவே கருதுகிறோம்.

தூய்மைப் பணியின் கதை வேறு. மலம் அள்ளும் பணியில் மனிதரை அமர்த்துவதைத் தடுக்கும் 2013ஆம் ஆண்டுச் சட்டமும் அதன் விதிகளும் காப்புடை, காப்புக் கருவி பற்றி விரிவாகப் பேசுகின்றன. 2014 மார்ச் 27இல் உச்ச நீதிமன்றம், 1993 முதல் கழிவுநீர்க் குழியில் இறந்தோர் குடும்பத்துக்கு 10 இலட்சம் ரூபாய் வழங்க ஆணையிட்டது. 2023 அக்டோபர் 20இல் அத்தொகையை 30 இலட்சமாக உயர்த்தியது. ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். எந்தப் பூட்ஸும் நச்சுக் காற்றிலிருந்து எவரையும் காக்காது. பூட்ஸ் கொடுத்துவிட்டேன், குழிக்குள் இறங்கு என்று சொல்பவரின் பூட்ஸை வாங்கவே கூடாது. தெருக் கூட்டவும் குப்பை பிரிக்கவும் சாக்கடை ஓரம் நிற்கவுமே காலணி. குழிக்கு எந்திரம்.

செருப்பு என்னும் சொல் நம் உரிமைச் சட்டத்தில் எப்போது வந்தது என்பதையும் இங்கே குறிக்க வேண்டும். 1955ஆம் ஆண்டுத் தீண்டாமைக் குற்றச் சட்டம் நகை, அணிகலன் பற்றிப் பேசிற்று. 1989இல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வந்தது. 2015இல் அது திருத்தப்பட்டு 2016 ஜனவரி 26இல் நடைமுறைக்கு வந்தபோதுதான், பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் பொது இடத்தில் காலணியோ புத்தாடையோ அணிவதைத் தடுப்பது குற்றம் என்று வெளிப்படையாக எழுதப்பட்டது. 1930இன் தடைக்கும் இந்த வரிக்கும் இடையே 85 ஆண்டுகள். அந்த வரி எழுதப்பட வேண்டியிருந்தது என்பதே, அத்தடை அதுவரை எங்கெங்கோ உயிரோடு இருந்தது என்பதற்குச் சான்று.

கடைசியாக ஒரு செய்தி. சென்னை அடையாற்றில் 1948இல் நிறுவப்பட்ட மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனம், 2021 டிசம்பர் முதல் 2022 மார்ச் வரை நாடெங்கும் 79 இடங்களில் 1,01,880 பேரின் கால்களை அளந்தது. ஐரோப்பியர், அமெரிக்கர் கால்களைவிட இந்தியர் கால்கள் பொதுவாக அகலமானவை எனத் தெரிந்தது. நாம் பயன்படுத்தி வந்த எண்முறை ஆங்கிலேயர் விட்டுச் சென்றது. நம் தந்தையரின் சுண்டுவிரல் கொப்புளத்துக்கு இப்போது அறிவியல் விளக்கம் கிடைத்துள்ளது. இந்த அளவெடுப்பின் அடிப்படையில் ‘பா’ என்னும் பெயரில் எட்டுப் பிரிவு கொண்ட புதிய இந்திய அளவுமுறை முன்மொழியப்பட்டது. அதில் பெண்களுக்கெனத் தனிப் பிரிவு உண்டு. நகராட்சியிலும் பேரூராட்சியிலும் தூய்மைப் பணி செய்யும் நம் தாய்மார்களுள் பலருக்கு ஆண்களின் எண்ணில் செய்த கம் பூட்ஸே தரப்படுகிறது. அது குதியில் கழன்று ஓடுவதால் கழற்றி வண்டியில் வைத்துவிட்டுச் செருப்போடு வேலை செய்கின்றனர். அடுத்த முறை காலணி கேட்டு மனுக் கொடுக்கும் சகோதரிகள், மாலை வேளையில் இரு கால்களையும் தாளில் ஊன்றி நிறுத்தி, சுற்றிக் கோடிட்டு, குதியிலிருந்து நீண்ட விரல் வரை உள்ள நீளத்தையும், விரல் தொடங்குமிடத்து அகலத்தையும் மில்லிமீட்டரில் குறித்து, அந்தத் தாளையும் பெயர்ப்பட்டியலையும் மனுவோடு இணைத்துக் கொடுக்கலாம். படி ஒன்றை நம் சங்க அலுவலகத்திலும் வைத்துச் செல்க.